முகமூடிக்குள் இருந்தவர்: பீட்டர் டைமண்ட் என்னும் சண்டைக் கலைஞர்

பாலைவனப் பாறைகளுக்கு நடுவே லூக் என்னும் இளைஞன் தொலைநோக்கியில் பார்த்துக்கொண்டிருக்கிறான். திடீரெனக் காட்சி மறைகிறது. முகம் முழுதும் துணி சுற்றி, உலோகக் கண்குழல்கள் பொருத்திய ஓர் உருவம் அவன் முன்னால் எழுந்து, கையிலுள்ள நீண்ட தடியால் தாக்குகிறது. லூக் மல்லாந்து விழுகிறான். அந்த உருவம் தடியைத் தலைக்கு மேலே தூக்கி மீண்டும் மீண்டும் குலுக்கிக் கத்துகிறது. 1977 மே 25 அன்று அமெரிக்காவில் வெளியான 'ஸ்டார் வார்ஸ்' படத்தைப் பார்த்த எவருக்கும் இந்தச் சில நொடிகள் மறப்பதில்லை. ஆனால் அந்த உருவத்துக்குள் இருந்த மனிதரின் பெயரைச் சொல்லச் சொன்னால், படத்தைப் பலமுறை பார்த்தவர்களில் பெரும்பாலானோர் திகைத்துப் போவார்கள்.

அவர் பீட்டர் டைமண்ட். அந்தப் படத்தின் சண்டை ஒருங்கிணைப்பாளரும் அவரே. படத்தின் இறுதியில் ஓடும் பெயர்ப் பட்டியலில் அந்தப் பொறுப்புக்காக அவர் பெயர் இருக்கிறது. அந்த முகமூடி உருவமான டஸ்கன் கொள்ளையனாக நடித்ததற்காக இல்லை. அந்த வேடத்திலும் அவருக்கு மிஞ்சியது கொஞ்சம்தான். முகம் தெரியவில்லை. குரல் அவருடையதன்று, ஒலி வடிவமைப்பாளர் பென் பர்ட், கோவேறு கழுதைகளின் கனைப்பைக் கொண்டு அந்தக் கத்தலை உருவாக்கினார். தடியைக் குலுக்கும் அசைவுகூட முழுமையாக அவருடையது என்று சொல்லிவிட முடியாது. படப்பிடிப்பில் அவர் தடியை உயர்த்தியது ஒரு முறைதான். அந்தத் துண்டைப் படத்தொகுப்பில் முன்னும் பின்னுமாக ஓடவிட்டதால்தான் வெறிபிடித்த அந்தக் குலுக்கல் பிறந்தது. இத்தனையும் கழித்த பின் எஞ்சி நிற்பது ஓர் உடல், அதன் எடை, அது பாய்ந்து எழும் விதம். பீட்டர் டைமண்டின் நாற்பது ஆண்டுக்கும் மேற்பட்ட தொழில்வாழ்க்கை பெரும்பாலும் இந்த எச்சத்திலேயே அமைந்தது.

அவர் 1929 ஆகஸ்ட் 10 அன்று வடகிழக்கு இங்கிலாந்தின் டரம் நகரில் பிறந்தார். லண்டனில் உள்ள 'ராடா' நாடகக் கல்லூரியில் நடிப்புப் பயின்றார். இதைக் கவனத்தில் வைக்க வேண்டும். ஏனென்றால் சண்டைக் கலைஞர்களைப் பற்றிப் பேசும்போது, நடிக்கத் தெரியாதவர்கள், விழத் தெரிந்தவர்கள் என்றொரு எண்ணம் நம்மிடம் ஊறிப்போயிருக்கிறது. டைமண்ட் வந்த வழி அதற்கு நேர்மாறானது. முதலில் அவர் நடிகர். மேடையில் வாள் பிடிக்கக் கற்றவர். அந்தக் கல்வியே பிறகு சண்டைக் காட்சி அமைக்கும் தொழிலாக விரிந்தது. ஷேக்ஸ்பியரின் நாடகங்களில் பாதிக்கு மேல் யாராவது ஒருவர் வாளை உருவியாக வேண்டும் என்பதால், பிரிட்டிஷ் நடிப்புக் கல்வியில் மேடைச் சண்டை ஒரு பாடமாகவே இருந்து வந்திருக்கிறது. மேடையில் எதிராளியைக் குத்தாமல் குத்துவது, தாக்குபவர் அல்லாமல் தாக்கப்படுபவரே அசைவின் வேகத்தை முடிவு செய்வது, ஒவ்வொரு வீச்சையும் எண்ணிட்டு மனப்பாடம் செய்வது என்று அதற்கென ஓர் இலக்கணம் உண்டு. வசனம் போலவே சண்டையும் ஒப்பிக்கப்பட வேண்டிய ஒன்று என்பது அந்த இலக்கணத்தின் அடிப்படை.

1960-களில் இப்படிப்பட்டவருக்கு வேலை கொடுத்தது பெரும்பாலும் தொலைக்காட்சி. அன்றைய பிபிசி நாடகத் தொடர்கள் நெருக்கமான அரங்குகளில், குறைந்த செலவில், கிட்டத்தட்ட நேரலை போல இடைநிறுத்தமின்றிப் பதிவாகின. ஒரு காட்சியில் மூன்று வரி பேசவும், அடுத்த காட்சியில் கதாநாயகனோடு கட்டிப்புரளவும், அந்தச் சண்டையை முன்கூட்டியே வடிவமைக்கவும் ஒரே ஆள் கிடைத்தால் தயாரிப்பாளருக்கு அதைவிட நிம்மதி வேறில்லை. 1965 ஜனவரி, பிப்ரவரி மாதங்களில் நான்கு பகுதிகளாக ஒளிபரப்பான 'டாக்டர் ஹூ' தொடரின் ரோமானியக் கதை இதற்கு நல்ல சான்று. அதில் டைமண்ட் டெலோஸ் என்னும் அடிமையாக வருகிறார். கதாநாயகர்களில் ஒருவரான இயனோடு ஒரே கப்பலில் துடுப்பு வலிக்கும் டெலோஸ், பிறகு ரோமில் நீரோ மன்னனின் முன்னால் அதே நண்பனோடு வாள்சண்டை இடுமாறு கட்டாயப்படுத்தப்படுகிறான். கடைசி நேரத்தில் நண்பனை விட்டுவிட்டு மன்னன் மீதே பாய்கிறான். நட்பும் பயமும் தயக்கமும் வாள்வீச்சின் வழியாகவே வெளிப்பட வேண்டிய காட்சி அது. வெறும் டூப் ஒருவரால் அதைச் செய்துவிட முடியாது. வாள் பிடிக்கத் தெரியாத நடிகராலும் முடியாது.

இந்த இரட்டைத்தன்மைக்குப் பின்னால் தொழிற்சங்க அமைப்பு ஒன்றும் இருந்தது. பிரிட்டனில் படப்பிடிப்புப் பணியாளர்களுக்கு ஒரு சங்கம், நடிகர்களுக்கு வேறொரு சங்கம். ஒளிப்பதிவாளரும் ஒலிப்பதிவாளரும் படத்தொகுப்பாளரும் தொழில்நுட்பப் பணியாளர் சங்கத்தில் இருந்தார்கள். ஆனால் சண்டைக் கலைஞர்கள் 1930-இல் தொடங்கிய நடிகர் சங்கமான 'ஈக்விட்டி'யின் உறுப்பினர்கள். சங்க உறுப்பினர் அல்லாதவருக்கு வேலை கிடைப்பது மிகக் கடினமாக இருந்த காலம் அது. ஆகவே கூரையிலிருந்து விழுபவர் சட்டத்தின் கண்ணில் ஒரு நடிகர்; அவர் விழுவதைத் திட்டமிட்டுப் பாதுகாப்பைக் கணக்கிடுபவரும் நடிகர்தான், செய்யும் வேலை முழுக்க முழுக்கத் தொழில்நுட்பப் பணியாக இருந்தாலும். சண்டைக் கலைஞர்களுக்கெனத் தனிப் பதிவேடு 1973-இல்தான் வந்தது. அதில் இடம்பெற, தற்காப்புக் கலை, உயரத்திலிருந்து விழுதல், குதிரையேற்றம் அல்லது வாகன ஓட்டம், உடல் லாகவம், நீர்த்திறன் என்று பல பிரிவுகளில் தேர்ச்சியைச் சான்றிதழோடு நிரூபிக்க வேண்டும் என்ற நிலை உருவானது. டைமண்டின் தலைமுறை அதற்கு முன்பே தொழிலுக்கு வந்துவிட்டது. அவர்களுடைய சான்றிதழ் என்பது அடுத்த படத்துக்கும் அழைப்பு வருகிறதா என்பதுதான்.

1970-களின் நடுவில் அந்த அழைப்புகள் அருகின. லண்டனுக்கு வடக்கே போர்ஹாம்வுட்டில் இருந்த எல்ஸ்ட்ரீ படப்பிடிப்பு நிலையம் மூடப்படும் விளிம்பில் இருந்தது. பெரிய தளங்கள் வெறுமனே கிடந்தன. 1976 மார்ச் தொடக்கத்தில் பவுண்டின் மதிப்பு வரலாற்றில் முதன்முறையாக 2 டாலருக்குக் கீழே இறங்கியது. டாலரோடு வரும் அமெரிக்கத் தயாரிப்பாளருக்கு இதைவிட உகந்த சூழல் இருக்க முடியாது: காலியான தளங்கள், மலிந்த நாணயம், பல பத்தாண்டு அனுபவமுள்ள தச்சர்களும் மின்பணியாளர்களும் சண்டைக் கலைஞர்களும். 'ஸ்டார் வார்ஸ்' இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் தன் விண்வெளிப் படத்தை அங்கே எடுத்துவந்ததற்கு இவையே காரணம். 1976 மார்ச் 22 அன்று படப்பிடிப்பு துனீசியாவில் தொடங்கியது. டைமண்ட் தடியோடு பாய்ந்த பாறைப் பள்ளத்தாக்கு அந்நாட்டின் டோசர் நகருக்கு அருகே உள்ளது.

ஆனால் அவருக்கு உண்மையான சோதனை பாலைவனத்தில் அல்ல, எல்ஸ்ட்ரீயின் தளத்தில் காத்திருந்தது. ஓபி-வான், வேடர் என்னும் இரு வீரர்களின் இறுதி வாட்போர் அது. ஓபி-வானாக நடித்த சர் அலெக் கின்னஸுக்கு அப்போது வயது 62. வேடராக நடித்த டேவிட் பிரவுஸ் 6 அடி 6 அங்குல உயரம் கொண்ட முன்னாள் பளுதூக்கும் சாம்பியன். தலைமேல் கனத்த தலைக்கவசம், முன்னால் இருப்பதைக்கூடத் தெளிவாகப் பார்க்க முடியாத முகமூடி. இருவர் கையிலும் இருந்த 'ஒளிவாள்', ஒளியைப் பிரதிபலிக்கும் பூச்சு தடவி, சிறு மோட்டாரால் சுழலவிட்ட ஒரு தண்டு. ஓங்கி மோதினால் அது முறிந்துவிடும். வயதான ஒருவர், பார்வை மறைந்த ஒருவர், மோதக் கூடாத இரண்டு வாள்கள்: இவற்றை வைத்துக்கொண்டு ஒரு வாட்போரை அமைக்க வேண்டும். இன்று அந்தக் காட்சி மெதுவாக இருக்கிறது, பிந்தைய படங்களின் வேகத்தோடு ஒப்பிட்டால் சோர்வாக இருக்கிறது என்று குறைசொல்பவர்கள் உண்டு. என் கருத்து வேறு. அந்தக் கட்டுப்பாடுகளைக் குறையாக விடாமல், ஒருவரையொருவர் நன்கு அறிந்த இரு முதியவர்கள் அளந்து அளந்து வைக்கும் அடிகளாக அவற்றை மாற்றியதில்தான் அமைப்பாளரின் திறமை இருக்கிறது. ஓபி-வான் வாளைத் தாழ்த்தாமல் நேராக நிமிர்த்திப் பிடித்துக் கண்மூடும் கடைசிக் கணம் எடுபடுவதற்கு, அதற்கு முந்தைய அந்த நிதானம் தேவைப்பட்டது.

1980-இல் வெளியான இரண்டாம் படத்துக்கும் டைமண்டே சண்டை ஒருங்கிணைப்பாளர்; 1983-இல் வெளியான மூன்றாம் படத்தில் அவர் சண்டை அமைப்பாளர். இம்முறை வேடரோடு மோதும் லூக்காக நடித்த மார்க் ஹாமில் இளைஞர். வேகமாகச் சண்டையிட வேண்டியிருந்தது. பிரவுஸால் அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்க முடியவில்லை. அவருடைய கறுப்பு உடைக்குள் வாள்சண்டைக்காக மட்டும் இன்னொருவர் புகுந்தார்: பாப் ஆண்டர்சன். 1922-இல் பிறந்து கடற்படை வீரராக இருந்தவர். 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் பிரிட்டனுக்காக வாள்வீச்சில் பங்கேற்றவர். பிறகு தேசிய அணிக்கே பயிற்சியாளரானவர். திரையுலகில் அவருக்கு வேறொரு புகழும் இருந்தது. 1953-இல் வெளியான ஒரு சாகசப் படத்தின் ஒத்திகையில் அவருடைய வாள் எரோல் ஃபிளின்னின் தொடையைக் கீறிவிட, கவனம் சிதறியது தன் தவறுதான் என்று ஃபிளின்னே பெருந்தன்மையோடு சொன்னாராம். இருந்தும் 'ஃபிளின்னைக் குத்தியவர்' என்ற அடைமொழி ஆண்டர்சனை விட்டுப் போகவில்லை.

வேடர் என்னும் பாத்திரத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டியிருக்கிறது. நடையும் கையசைவும் பிரவுஸ். குரல் அமெரிக்க நடிகர் ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ். வாள் பிடித்த கை ஆண்டர்சன். 1983 படத்தின் முடிவில் முகமூடி கழன்றபோது தெரிந்த முகம் செபாஸ்டியன் ஷா. ஒரே வில்லனை நான்கு பேர் பங்கு போட்டுக்கொண்டார்கள். இவர்களில் யார் 'நடிகர்', யார் 'பணியாளர்'? பெயர்ப் பட்டியல் ஒரு விடை சொல்கிறது: ஆண்டர்சன் பெயர் டூப் கலைஞர்களின் வரிசையில் வருகிறது, யாருக்கு டூப் என்ற விவரம் இல்லாமல். உண்மையைப் பொதுவெளியில் போட்டுடைத்தவர் ஹாமில்தான். அவ்வளவு கடுமையாக உழைத்தவருக்கு உரிய அங்கீகாரம் கிடைக்காதது நியாயமில்லை என்று தனக்குப் பட்டதாக 1983-இல் ஒரு பேட்டியில் அவர் வெளிப்படையாகவே பேசினார்.

பெயர் மறைப்பு அந்தப் படங்களோடு நின்ற வழக்கமல்ல. ஜேம்ஸ் பாண்ட் படங்கள் துப்பாக்கிக் குழல் வழியாகத் தெரியும் ஓர் உருவத்தோடு தொடங்குவது உலகறிந்தது. 1962, 1963, 1964 ஆண்டுகளில் வெளியான முதல் மூன்று படங்களில் அங்கே நடந்து வந்து சட்டெனத் திரும்பிச் சுடுபவர் ஷான் கானரி அல்லர். சண்டைக் கலைஞர் பாப் சிம்மன்ஸ். 1965-இல் அகலத் திரைக்காக அந்தத் துண்டைப் புதிதாக எடுத்தபோதுதான் கானரி அதில் நின்றார். அதே 1965 படத்தின் தொடக்கத்தில், விதவை வேடத்தில் தப்பி வந்து பாண்டோடு மோதும் வில்லனாகச் சிம்மன்ஸ் நடித்ததும் உண்டு. பாண்டாக நின்றவரே பாண்டின் எதிரியாகவும் அடிவாங்கினார் என்பது, இந்தத் தொழிலைத் தவிர வேறெங்கும் நடக்காத வேடிக்கை.

1987-இல் வெளியான 'தி பிரின்சஸ் பிரைட்' படத்திலும் டைமண்டும் ஆண்டர்சனும் சேர்ந்து பணியாற்றினார்கள். இருவரின் பின்னணியும் வேறுவேறு என்பதுதான் இந்தக் கூட்டணியின் பலம். ஒலிம்பிக் வாள்வீச்சில் வெல்பவரின் அசைவு சிறியது, மறைவானது, கண்ணுக்கு எட்டாத வேகமுடையது. எதிராளி புரிந்துகொள்வதற்கு முன்பே முடிந்துவிட வேண்டும். திரையில் அது பயன்படாது. பார்வையாளருக்கு வீச்சு எங்கிருந்து கிளம்புகிறது, எங்கே போய் முடிகிறது, யார் கை ஓங்குகிறது என்பதெல்லாம் தெரிய வேண்டும். விளையாட்டிலிருந்து வந்தவருக்கு நுட்பம் தெரியும். மேடையிலிருந்து வந்தவருக்கு அதைப் பின்வரிசைக்கும் புரியவைக்கத் தெரியும். அந்தப் படத்தின் கதைப்படி மலையுச்சியில் மோதும் இருவரும் இடக்கையால் தொடங்கி, ஒருவர் பின் ஒருவராக வலக்கைக்கு மாறுகிறார்கள். ஆகவே கேரி எல்வெஸும் மாண்டி படின்கினும் இரண்டு கையாலும் வாள்வீசக் கற்க வேண்டியதாயிற்று. படப்பிடிப்பின் கடைசிக் கட்டத்துக்கு அந்தச் சண்டை ஒத்திவைக்கப்பட்டது; இடையில் கிடைத்த ஓய்வு நேரமெல்லாம் ஒரு மூலையில் வாளோடு நின்றார்கள். கரணமடிக்கும் ஓரிரு அசைவுகளைத் தவிர மற்ற யாவும் நடிகர்களே செய்தவை. ஒத்திகையைப் பார்த்த இயக்குநர் ராப் ரைனர் சண்டை சீக்கிரம் முடிந்துவிடுகிறது என்று சொல்ல, மேலும் நீட்ட வேண்டியிருந்தது. இருவரும் சண்டைக்கு நடுவே ஒருவரையொருவர் பாராட்டிக்கொள்ளும் அந்தக் காட்சியில், பேச்சும் வீச்சும் ஒன்றையொன்று தொடர்வதைப் பார்ப்பவர்கள், மேடைச் சண்டையின் பழைய இலக்கணம் அங்கே அப்படியே வேலை செய்வதைக் காணலாம்.

அதற்கு ஓராண்டு முன்பு வந்த 'ஹைலேண்டர்' படத்தில் டைமண்டின் முகம் தெரிந்தது. படம் தொடங்கிச் சில நிமிடங்களிலேயே நியூயார்க்கின் ஒரு வாகன நிறுத்தத்தில் கதாநாயகனைச் சவாலுக்கு அழைத்துத் தலையை இழக்கும் ஃபாசில் என்னும் சாகாவரம் பெற்ற வீரர் அவர். காட்சி பதிவானது லண்டனில். எதிரே வாளோடு நின்ற கிறிஸ்டபர் லாம்பர்ட் கடுமையான கிட்டப்பார்வை உள்ளவர். காட்சியில் கண்ணாடி அணிய முடியாது, கண்ணுக்குள் வைக்கும் வில்லைகளும் அவருக்கு ஒத்துக்கொள்ளாது. எதிராளியைச் சரியாகப் பார்க்காமல் உண்மையான உலோகத்தை வீசும் ஒருவரோடு, வில்லன் வேடத்தில் அனுபவமில்லாத நடிகரை நிறுத்துவது ஆபத்து. ஐம்பது வயதைத் தாண்டிய, தூரத்தைக் கண்ணால் அல்லாமல் உடலால் அளக்கத் தெரிந்த ஒருவரை அங்கே நிறுத்தியது வெறும் நட்புக்காக என்று எனக்குத் தோன்றவில்லை.

இப்படிப்பட்ட வாழ்க்கையின் கணக்கை யார் வைத்திருக்கிறார்கள் என்ற கேள்வி எழுவது இயல்பு. தொலைக்காட்சி வேடங்களுக்குப் பிபிசியின் ஆவணங்களும் வாராந்தர 'ரேடியோ டைம்ஸ்' இதழ் அச்சிட்ட நடிகர் பட்டியல்களும் ஓரளவு துணை. திரைப்படங்களில் பெயர் வராத வேடங்களோ, படங்களை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, நடையையும் தோளையும் அடையாளம் கண்ட ரசிகர்களின் உழைப்பால்தான் பதிவாகின. இன்று உலகமே பயன்படுத்தும் இணையத் திரைப்படத் தரவுத்தளம்கூட 1990-இல் பிரிஸ்டலைச் சேர்ந்த கோல் நீடம் என்னும் படப்பித்தரிடமிருந்துதான் கிளம்பியது. இந்த வழியில் சேரும் கணக்கு சில நேரம் கூடிப்போவதும் உண்டு; ஒரே தலைக்கவசத்துக்கு மூன்று பேர் உரிமை கோரும் நிலையும் வரும். ஹாலிவுட்டின் ஆஸ்கர் அமைப்பு சண்டை வடிவமைப்புக்கென ஒரு விருதை 2025-இல்தான் அறிவித்தது. அதுவும் 2027-இல் வெளியாகும் படங்களிலிருந்துதான் நடைமுறைக்கு வருகிறது. பேசும் படம் வந்து கிட்டத்தட்ட நூறு ஆண்டுகளுக்குப் பிறகு.

தன் அறுபதுகளில் டைமண்ட் மட்ரிட் அருகே இருந்தார். டங்கன் ரிகர் ஸோரோவாக நடித்து 1990 முதல் 1993 வரை வந்த தொலைக்காட்சித் தொடர் ஸ்பெயினில்தான் படமானது, 88 பகுதிகள். வாரந்தோறும் ஒரு வாள்சண்டையாவது இருந்தாக வேண்டிய தொடரில், ஒரு சண்டை முந்தையதைப் போல இருந்துவிடக் கூடாது என்ற கவலையோடு அவற்றை அமைக்கும் பொறுப்பு அவருடையது. அத்தொடரில் அவருக்கு ஒரு வேடமும் கிடைத்தது. பகலில் வாளைத் தொடத் தெரியாத சாதுவாகவும் இரவில் முகமூடி வீரன் ஸோரோவாகவும் வாழும் டியேகோவுக்கு, மாணவப் பருவத்தில் வாள்வித்தை கற்றுக்கொடுத்த ஆங்கிலேய ஆசிரியர் சர் எட்மண்ட் கெண்டல். கேமராவுக்கு முன்னாலும் பின்னாலும் அதே மாணவர், அதே வாள், அதே பாடம். முகமூடி மட்டும் இந்த முறை மாணவருக்கு. ஆசிரியர் வெறும் முகத்தோடு நின்று தன் பெயரும் பட்டியலில் வர நடித்தார். 2004 மார்ச் 27 அன்று அவர் காலமானபோது வயது 74.